முதலாம் சாலுரானில் இல்லாத பெயர்

அந்த மலாய் ஆசிரியை பட்டியலை மூன்றாவது முறையாகப் புரட்டினார். பென்சிலின் பின்புற ரப்பரால் தாள்களை ஒவ்வொன்றாகத் தள்ளி, பெயர்களை மேலிருந்து கீழே பார்த்தார். பிறகு நிமிர்ந்து, "நாமா மாச்சிக் தா ஆடா லா" என்றார். அம்மா, உங்கள் பெயர் இதில் இல்லை.

அஞ்சலை அக்கா அவர் மேசைக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தார். மயில்கழுத்து நிறப் பட்டுச் சேலை, தலையில் ஒரு முழம் மல்லிகை. வலது கையில் புத்தம் புதிய நீல அடையாளக் கார்டு. இடது கை ஆள்காட்டி விரலில் நகத்தை ஒட்ட வெட்டியிருந்தார். மை வைப்பார்கள் அல்லவா, அதற்காக முதல் நாளே செய்த ஏற்பாடு.

மூன்று அடி தள்ளிப் பிளாஸ்டிக் நாற்காலியில் நான் உட்கார்ந்திருந்தேன், கட்சி ஏஜென்டாக. என் மடியிலும் அதே பட்டியல்தான். நானும் புரட்டினேன். அக்கா பேர் இல்லை.

ஏஜென்ட் வாக்காளரிடம் பேசக்கூடாது. அது விதி. அக்கா என் பக்கம் திரும்பிப் பார்த்தார். அவரிடம் இத்தனை வருடமாக வாயாடிய நான் அன்றைக்கு உதட்டைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

"செகு, தெங்கோ பெத்துல்-பெத்துல்," என்றார் அக்கா. டீச்சர், நல்லாப் பாருங்க என்று கெஞ்சுகிறார். "சாலுரான் சாத்துதான். எனக்குத் தெரியும்லா." முதலாம் ஓட்டறை என்கிறார்.

பதற்றம் வந்தால் அக்காவுக்கு மலாயும் தமிழும் கலந்துதான் வரும். ஆசிரியை பெண்டாங் பக்கத்திலிருந்து தேர்தல் வேலைக்கு வந்தவர், நல்ல மனுஷி. வெளியே தகவல் மேசை இருக்கிறது, அங்கே கேளுங்கள் என்று பொறுமையாகக் கையைக் காட்டினார். வரிசையில் அடுத்து நின்ற சீனக் கிழவர் கைத்தடியைத் தரையில் ஒரு தட்டு தட்டினார்.

அக்கா கார்டைக் கைக்குட்டையில் சுற்றி இடுப்பில் செருகிக்கொண்டு வெளியே நடந்தார். ஆயுசு முழுக்கக் காத்திருந்து வாங்கிய ஓட்டு, எந்தப் பட்டியலிலும் இல்லாமல் போய்விட்டதோ என்று பயந்துபோனேன்.

ஸ்கேலும் சிவப்புப் பேனாவும்

சென்ற வாரம் இந்தப் பத்தியில், தொழிற்சாலை பஸ்ஸில் இடம் பிடிக்க நாங்கள் போட்ட சண்டைகளை எழுதியிருந்தேன். படித்துவிட்டு என் பழைய லைன் தோழி ஒருத்தி போன் செய்து, "பஸ்ஸ விடு, பாக்கார் ஆராங் தேர்தல் கதைய எழுதுடி" என்றாள். கட்சிப் பெயர்களை எழுத மாட்டேன் என்று அவளிடம் சொல்லிவிட்டேன். எழுதினால் எந்தப் பக்கத்துக்காரர் என் வீட்டு வாசலில் வந்து நிற்பார் என்று எனக்குத் தெரியும். அரசியலும் எனக்குத் தெரியாது. தெரிந்ததெல்லாம் கோடு போடுவது.

சாலுரான் என்றால் ஓட்டுப் போடும் அறை. ஒரே பள்ளிக்கூடத்தில் ஏழெட்டு அறைகள் இருக்கும். வாக்காளர்களை வயதுப்படி பிரித்திருப்பார்கள். மூத்தவர்களுக்கு முதலாம் சாலுரான், புதிதாக ஓட்டுரிமை வாங்கிய பிள்ளைகளுக்குக் கடைசி. நான் முதன்முதலில் ஓட்டுப் போட்டது கடைசி அறையில், கழிவறைக்குப் பக்கத்தில். தேர்தலுக்குத் தேர்தல் ஒவ்வொரு அறையாக முன்னேறி இப்போது இரண்டாவதில் இருக்கிறேன். என் வீட்டுக்காரர் போன தடவையே முதலாவதுக்குப் போய்விட்டார். ஒரு வாரம் அவரைக் கிண்டல் செய்தேன்.

வாக்காளர் உள்ளே வந்து கார்டை நீட்டியதும், கிளார்க் அவர் பெயரையும் கார்டு எண்ணையும் அறை முழுக்கக் கேட்கும்படி வாசிப்பார். எல்லாக் கட்சி ஏஜென்டுகளும் தங்கள் பட்டியலில் அந்தப் பெயரின் மேல் ஒரு கோடு போடுவோம். வந்துவிட்டார் என்று அர்த்தம். நான் ஸ்கேல் வைத்து, சிவப்புப் பேனாவால் போடுவேன். சிலர் கிறுக்கித் தள்ளுவார்கள். மனுஷன் பேரை அப்படிக் கிறுக்கலாமா?

கோடு விழாத பெயர்களை ஒரு தாளில் எழுதி, அவ்வப்போது வெளியே அனுப்புவோம். வெளியே அதை வாங்க ஓர் ஆள் நிற்க வேண்டும். அந்த வேலையில் எங்கள் அஞ்சலை அக்காவை அடித்துக்கொள்ள ஆளே கிடையாது.

தாளைப் பார்த்ததும் அவருக்கு ஆளும் லோரோங்கும், அதாவது தெருவும், தெரிந்துவிடும். "நாலாவது லோரோங் சுப்பையாவா? நைட் ஷிப்ட் முடிஞ்சி தூங்குவாரு, நான் போய் எழுப்புறேன்." "இந்தப் பொண்ணு மாமியார் வீட்டுக்குப் போயிருக்கும், போன் போடு." கையில் ஒரு குடை, காலில் ரப்பர் சிலிப்பர். தேடிப் போன ஆளைக் கூட்டிக்கொண்டுதான் திரும்புவார்.

எல்லார் பெயரையும் மனப்பாடமாக வைத்திருந்த அந்த மனுஷியின் பெயர் மட்டும் பட்டியலில் இருந்ததே இல்லை.

கரி சுட்ட இடம்

பாக்கார் ஆராங் என்றால் மலாயில் கரி சுடுவது. யாரோ ஒரு காலத்தில் இங்கே சூளை போட்டுக் கரி சுட்டார்களாம். நான் சூளையைப் பார்த்ததில்லை. நான் வந்தபோது இருந்தது செம்மண் சாலை, பாதி கட்டிய வீட்டு வரிசைகள், அவற்றுக்குப் பின்னால் வெட்டாமல் விட்ட ரப்பர் மரங்கள்.

அப்போது இதற்கென்று தனிச் சட்டமன்றத் தொகுதி கிடையாது. ஏதோ ஒரு பெரிய தொகுதியின் வாலாக இருந்தோம். வேட்பாளர்கள் பட்டணத்தையும் கம்போங் கிராமங்களையும் சுற்றிவிட்டு, கடைசி நாள் பொழுது சாயும் நேரத்தில் எங்களிடம் வருவார்கள். லோரியில் நின்றபடி கையை ஆட்டிவிட்டுப் போய்விடுவார்கள். எங்கள் லோங்காங் சாக்கடையில் தண்ணீர் தேங்கி நின்று, கொசு ஊரைத் தூக்கிக்கொண்டு போகும்.

பிறகு தாமான் என்கிற வீடமைப்புக் குடியிருப்புகள் எழும்பின. ஒரு தோட்டம் கைமாறினால் இங்கே ஒரு வீட்டு வரிசை நிறையும். தோட்டத் தொழிலாளர் லயத்தை இடித்தால் இன்னொரு வரிசை. பால்மரம் வெட்டிய கைகள் ஃபேக்டரியில் ஒயர் முறுக்கின. சீனர்கள் கடை திறந்தார்கள். மலாய் ஆசிரியர்களும் போலீஸ்காரர்களும் மூலை வீடுகளை வாங்கினார்கள். காலை ஆறரைக்கு எல்லா வாசலிலும் கார் உறுமும். தலைகள் கூடிவிட்டன என்று மேலிடத்துக்கும் தெரிந்துவிட்டது. ஒருநாள் வரைபடத்தில் கோடு கிழித்து, எங்களுக்கென்று ஒரு தொகுதி தந்தார்கள்.

தொகுதி பிறந்த பிறகுதான் எங்களுக்கு மரியாதை வந்தது. இது சத்தியம். வேட்பாளர்கள் வாசல் வரை வந்து, "பசியாறிட்டீங்களா?" என்று கேட்டார்கள். லோங்காங்குக்கு மூடி போட்டார்கள். ஒரு தடவை ஒரு கொடி ஜெயித்தது, இன்னொரு தடவை வேறு கொடி. இங்கே எவரும் கால்மேல் கால் போட்டுக்கொண்டு உட்கார முடியாது. போட்ட ஓட்டை அடுத்த தடவை திருப்பிப் போட எங்கள் ஆட்களுக்குத் தெரியும். அதில் எனக்குக் கொஞ்சம் கர்வம்கூட உண்டு.

ஆனால் ஒரு தொல்லை இருந்தது. ஆள் இங்கே வந்துவிட்டான், கார்டிலிருந்த விலாசம் வரவில்லை. ஓட்டு விலாசத்தோடு போகிற சமாசாரம். எங்கள் லோரோங்கில் குடியிருந்த பாதிப் பேருக்கு ஓட்டு பழைய தோட்டத்தில் கிடந்தது. இங்கே லோங்காங் நாறும், அவர்கள் அங்கே போய் வேறு ஒருவரை ஜெயிக்க வைத்துவிட்டு வருவார்கள்.

அதை மாற்றியது கட்சிக்காரர்கள் இல்லை, அஞ்சலை அக்காதான். புதிதாகக் குடிவந்த வீட்டுக்கு முதலில் போவது அவர்தான். பாத்திரங்களை இறக்கி முடிப்பதற்குள் கேட்பார்: "விலாசம் மாத்தியாச்சா? மாத்தலயா? நாளைக்கே போங்க. ஓட்ட அங்க வச்சிட்டு இங்க வந்து லோங்காங் நாறுதுன்னு யாருகிட்ட அழுவீங்க?"

எங்கள் தொகுதியின் வரலாற்றை யாராவது எழுதினால், ஜெயித்தவர்களின் படத்தைப் போடுவார்கள். என்னைக் கேட்டால் இது விலாசம் மாற்றியவர்களின் தொகுதி. அவர்களைத் துரத்தித் துரத்தி மாற்ற வைத்த ஆளின் படத்தைத்தான் முதலில் போட வேண்டும்.

சிவப்புக் கார்டு

அக்கா திகாம் பத்து போகிற சாலையில் ஒரு தோட்டத்தில் பிறந்தவர். பிறந்ததற்குச் சாட்சி தோட்டம் முழுக்க இருந்தது, காகிதம் மட்டும் இல்லை. அப்பா முனியாண்டி பிறப்பைப் பதியவில்லை. "இன்னைக்குப் போறேன், நாளைக்குப் போறேன்னு இருந்திருக்காரு, நான் வயசுக்கு வந்துட்டேன்," என்பார் அக்கா. ஆகவே கிடைத்தது சிவப்புக் கார்டு. இந்த நாட்டில் இருக்கலாம், வேலை செய்யலாம், ஓட்டுப் போட முடியாது.

குடிமக்களின் நீலக் கார்டுக்கு அவர் எழுதிப் போட்டதை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். ஒரு தடவை ஏதோ ஒரு காகிதம் குறைந்தது. இன்னொரு தடவை மலாயில் கேட்ட கேள்விக்குப் பயத்தில் வாயே வரவில்லை. வெளியே வந்து, "எனக்கு பதில் தெரியும் கலா. தொண்டைக்குள்ளயே நின்னுபோச்சி," என்று அழுதார். நான் அவர் அழுது பார்த்தது அந்த ஒரு தடவைதான்.

ஒருமுறை கோபத்தில் கேட்டுவிட்டேன். "உங்களுக்கே ஓட்டு இல்ல, இந்த வெயில்ல எதுக்குக்கா அலையுறீங்க?"

"எனக்கு ஒரு ஓட்டுதானே இல்ல," என்றார். "கூட்டியாந்தது எவ்வளவு பேருன்னு பாரு."

பேரன் பேத்தி எடுத்த பிறகு, ஒரு மழைக்கால மத்தியானம், கார்டு வந்தது. அன்று நானும் கூடப் போயிருந்தேன். கவுண்டரில் கார்டைக் கொடுத்ததும் அக்கா அதை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். முன்புறம், பின்புறம், மறுபடி முன்புறம். கையெழுத்துப் போடச் சொன்னார்கள், போட்டார். நேரே தமிழ் முஸ்லிம் மாமாக் கடைக்குப் போய் ஆளுக்கு இரண்டு ரொட்டி சாப்பிட்டோம். கார்டைத் தட்டுக்குப் பக்கத்தில் வைத்துக்கொண்டே சாப்பிட்டார்.

இப்போதெல்லாம் குடிமகனாகிவிட்டால் வாக்காளர் பட்டியலில் பெயர் தானாகவே ஏறிவிடும். அதனால் தேர்தல் வந்தபோது எங்களுக்கு ஒரு கவலையும் இல்லை. நான் ஏஜென்டாக உட்காரப் போவதும் முதலாம் சாலுரான், அக்காவின் வயதுக்குக் கிடைக்க வேண்டியதும் முதலாம் சாலுரான். போனில் பார்த்தால் ஒரு நிமிஷத்தில் தெரிந்துவிடும். "எதுக்குப் பாக்கணும்? ஊருக்கே சாலுரான் சொன்னவ நான்," என்றுவிட்டார் அக்கா.

நானாவது பார்த்திருக்க வேண்டும். அன்று காலையில் பட்டியல் கைக்கு வந்த பிறகும் நான் அவர் பெயரைத் தேடவில்லை. கிளார்க் வாசிக்கும்போதுதான் முதலில் காதால் கேட்க வேண்டும் என்று ஒரு பைத்தியக்கார ஆசை.

திகாம் பத்து சாலை

மாற்று ஏஜென்ட் வந்ததும் பட்டியலை அவளிடம் கொடுத்துவிட்டு வெளியே ஓடினேன். அக்கா கேண்டீன் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். தகவல் மேசையில் கூட்டம். அவர் அங்கே போகவே இல்லை.

"போய்க் கேட்டா, எங்கயுமே இல்லன்னு சொல்லிட்டா என்ன செய்றது?" என்றார். குரல் தாழ்ந்திருந்தது.

நான் கார்டை வாங்கிக்கொண்டு வரிசையில் நின்றேன். மேசையிலிருந்த பெண் எண்ணைத் தட்டினாள். திரையை என் பக்கம் திருப்பினாள். அஞ்சலை ஆனாக் பெரெம்புவான் முனியாண்டி. முனியாண்டியின் மகள் அஞ்சலை. பெயர் இருந்தது. முதலாம் சாலுரான்தான். ஆனால் பள்ளிக்கூடம் வேறு, தொகுதியும் வேறு. திகாம் பத்து போகிற சாலையில், அக்கா பிறந்த தோட்டத்தின் தமிழ்ப்பள்ளி.

கார்டைத் திருப்பி விலாசத்தைப் படித்தேன். இடித்து எத்தனையோ வருடமாகிவிட்ட லயத்தின் விலாசம். சிவப்புக் கார்டில் இருந்ததை அப்படியே நீலக் கார்டுக்கும் ஏற்றியிருந்தார்கள். சரிதானா என்று கேட்டுத்தான் கையெழுத்தும் வாங்கியிருந்தார்கள்.

அக்காவிடம் வந்து சொன்னேன். சந்தோஷத்தில் பாதி, எரிச்சலில் பாதி. "ஊரு பூரா விலாசம் மாத்துங்க மாத்துங்கன்னு உயிர வாங்குனீங்க. உங்களது ஏன்கா மாத்தல?"

"ஓட்டு இல்லாதவளுக்கு விலாசம் எதுக்குன்னு விட்டுட்டேன்," என்றார். பிறகு, "செவப்புக் கார்ட எடுத்துட்டு ஆபிஸ் பக்கம் போவவே பயம் கலா. அதையும் புடுங்கிட்டா?"

"நீலம் வந்தன்னைக்கு? முன்னாடியும் பின்னாடியும் திருப்பித் திருப்பிப் பாத்தீங்களே?"

"கலர்தானே பாத்தேன்," என்றார் அக்கா.

எனக்குச் சிரிப்பு வந்தது. அவருக்கும் வந்தது. கேண்டீன்காரர் எட்டிப் பார்க்கும் அளவுக்குச் சிரித்தோம். சிரித்து முடித்ததும் அக்கா எழுந்து சேலை மடிப்பைச் சரிசெய்தார். "காடிய எடு. எந்த ஊருன்னா என்ன, என் ஓட்டு."

திகாம் பத்து சாலையில் அன்றைக்கு நல்ல நெரிசல். வெளியூரிலிருந்து ஓட்டுப் போட வந்த பிள்ளைகளின் கார்கள். அக்கா வழி நெடுக எனக்கு உத்தரவு போட்டுக்கொண்டே வந்தார். இங்கே முந்து, அங்கே சிக்னல் போடு என்று. அவர் கார் ஓட்டியதே இல்லை.

தோட்டத்தில் பால்மரம் போய்ச் செம்பனை வந்திருந்தது. லயம் இருந்த இடத்தில் புல். பள்ளிக்கூடம் மட்டும் புதுச் சாயத்தில் நின்றது. நான் அந்தத் தொகுதிக்காரி இல்லை, ஏஜென்டும் இல்லை. வாசல் கேட்டோடு நின்றுவிட்டேன். அக்கா ஒருவராக உள்ளே போனார்.

பத்து நிமிஷம் ஆகியிருக்கும். இடது கையை உடம்பிலிருந்து தள்ளிப் பிடித்துக்கொண்டு வந்தார், சேலையில் மை படக்கூடாதாம். விரலில் முதல் கணு வரை கறுநீலம்.

"பேர வாசிச்சாங்களா?" என்று கேட்டேன்.

"வாசிச்சாங்க. அப்பா பேரும் சேத்து," என்றார். "ஒரு பொண்ணு கோடு போட்டா. ஸ்கேல் இல்லாம. உன்ன மாதிரி இல்ல."

திரும்பி வரும் வழியில் அக்கா ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டு வந்தார். பாக்கார் ஆராங் சிக்னலில் வண்டி நின்றபோது சொன்னார்: "இந்த ஓட்டு நான் பொறந்த எடத்துக்கு. அடுத்தது நான் உழைச்ச எடத்துக்கு. திங்கக்கிழம மொத வேலையா கூட்டிட்டுப் போ."

திங்கட்கிழமை கதவு திறக்கும் முன்பே பதிவு இலாகா வாசலில் நின்றோம். விலாசத்தை மாற்றிக் கொடுத்ததும், இந்தத் தடவை அக்கா கலரைப் பார்க்கவில்லை. எழுத்து எழுத்தாகப் படித்தார். வீட்டு எண், லோரோங், தாமான். பிறகு என்னிடம் கொடுத்து என்னையும் படிக்கச் சொன்னார்.

அடுத்த தடவை

நாடாளுமன்றத்துக்கு ஓட்டுப் போட்ட கதைதான் இதுவரை சொன்னது. சட்டமன்றத் தேர்தல் சில மாதங்கள் தள்ளி வந்தது. எங்கள் தொகுதியின் தேர்தல். அதே பள்ளிக்கூடம், அதே முதலாம் சாலுரான், அதே பிளாஸ்டிக் நாற்காலி. பக்கத்து நாற்காலியில் எதிர்க்கட்சி ஏஜென்டாக ஒரு மலாய்ப் பெண். எத்தனையோ தேர்தலாக நாங்கள் இருவரும் பக்கத்தில்தான் உட்காருகிறோம். அவள் குயே பலகாரம் கொண்டுவருவாள், நான் வடை.

இந்தத் தடவை பட்டியல் கைக்கு வந்ததும் முதல் வேலையாகத் தேடினேன். இரண்டாம் தாளில், நடுவில் இருந்தது.

எட்டு மணிக்குக் கதவு திறந்தது. முதல் ஆளாக உள்ளே வந்தது அதே மயில்கழுத்துச் சேலை. அக்கா என் பக்கம் திரும்பவே இல்லை. விதி அவருக்கும் தெரியும். கார்டை மேசையில் வைத்துவிட்டு நிமிர்ந்து நின்றார்.

கிளார்க் வாசித்தார். "அஞ்சலை, ஆனாக் பெரெம்புவான் முனியாண்டி."

அறை முழுக்கக் கேட்டது. பெண் பிறந்ததைப் பதியாமல் போய்ச் சேர்ந்த முனியாண்டியின் பெயரும் சேர்ந்து கேட்டது. மற்ற ஏஜென்டுகள் கோடு போடும் சத்தம் கேட்டது. எனக்குக் கண் மறைத்தது. பேனா கையில் இருக்கிறது, பெயர் எதிரே இருக்கிறது, கை ஓடவில்லை. இத்தனை வருடம் இல்லாமல் இப்போதுதான் வந்திருக்கிற பெயர். அதன்மேல் எப்படிக் கோடு போடுவது?

பக்கத்து மலாய்ப் பெண் என் பட்டியலை எட்டிப் பார்த்தாள். முழங்கையால் மெதுவாக இடித்தாள்.

"காக், டியா டா டாத்தாங்," என்றாள். அக்கா, அவங்க வந்துட்டாங்க.

ஆமாம், வந்துவிட்டார். ஸ்கேலை வைத்தேன். நேராகப் போட்டேன்.